அசல் ரத்தம்

ஞாயிற்றுக்கிழமைகளில் எல்லோருக்கும் தக்காளிச் சோறு நான்தான் கட்டிக்கொண்டு போவேன். பெருமாநல்லூரில் அப்பாவின் பனியன் கம்பெனிக்கு அன்று விடுமுறை. நாங்கள் நான்கு பெண்கள் அங்கே சேர்ந்து படம் எடுத்தோம். தைக்கிற கைகள் மட்டுமே தெரியும் படம். கதை, நாயகி, இயக்குநர் எதுவும் கிடையாது. கலைமகள், அனுசுயா, விஜயராணி மூவரும் எங்கள் டெய்லர்கள். சினிமா படித்தவள் நான் மட்டும். ஆனாலும் கேமரா எல்லோர் கைக்கும் முறை வைத்துப் போக வேண்டும் என்பதில் கண்டிப்பாக இருந்தேன்.

ஊசி விரலில் இறங்கும் காட்சிக்கு விஜயராணி பீட்ரூட் சாறு பூசிக்கொண்டாள். சாத்தூர்ப் பெண், இருபத்திரண்டு வயது.

"அசல் மாதிரியே இருக்குல்லக்கா?" என்று ஈறு தெரியச் சிரித்தாள்.

எனக்குப் பொறுக்கவில்லை. பெண்களின் வலியைச் சொல்லும் படத்தில் பொய் ரத்தம்.

அடுத்த வாரம் சீக்கிரமே போனேன். அவளுடைய மெஷினில் ஊசிக்கு முன்னால் விரலைக் காக்கும் கம்பியைத் திருப்புளியால் கழற்றினேன். கேமரா அன்று என் முறை. வேகமாகத் தைக்கச் சொல்லிவிட்டு, அவளுடைய செத்துப்போன அம்மாவைப் பற்றி ஒரு கேள்வி கேட்டேன். நிமிர்ந்து பார்த்தாள்.

ஊசி நகத்தைத் துளைத்து எலும்பில் முறிந்தது. மற்றவர்கள் ஓடிவந்தார்கள். நான் ஃபோகஸைச் சரிசெய்தேன். வெள்ளைத் துணியில் ரத்தம் தயங்கித் தயங்கிப் பரவியது. சாறு அப்படிப் பரவாது.

ஆஸ்பத்திரிக்கு என் காரில்தான் போனோம். விரலில் சீழ் வைத்தது. கட்டுப் பிரிப்பதையும் எடுத்தேன்; அந்த நாற்றம் படத்தில் வராதது ஒரு குறைதான். மூன்றாம் வாரம் விரலையே எடுத்துவிட்டார்கள்.

"நீங்க மட்டும் இல்லேன்னா என் கையே போயிருக்கும்க்கா" என்று விஜயராணி அழுதாள்.

நேற்று எல்லாக் காட்சிகளையும் போட்டுப் பார்த்த கலைமகள் ஊசி இறங்கும் இடத்தில் நிறுத்தினாள். பதினைந்து வருட டெய்லர் அவள்.

"ஏனுங்க தரணி, இதுல கம்பியக் காணமுங்களே. யாருங்க கழட்டுனது?"

நான்தான் என்றேன். அவள் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடி வாந்தியெடுத்தாள். தண்ணீர் கொண்டுபோனேன்; வாங்கவில்லை.

படத்தை அழிக்கச் சொல்கிறார்கள் அவளும் அனுசுயாவும். அழிக்க மாட்டேன். நாளைக்கு விஜயராணியிடம் நானே சொல்லிவிடுவேன். முதலில் வருத்தப்படுவாள். காட்சியைப் பார்த்தால் புரிந்துகொள்வாள். முன்பே கேட்டிருந்தால், அவளே விரலை நீட்டியிருப்பாள்.