ரிமோட்டைத் தேடுகிறது

அமுக்கிட்டேம்மா. வீடு படம் போட்ட பட்டன்தானே? அதைத்தான் அமுக்கிட்டு நிக்கறேன். பத்து வரைக்கும் எண்ணியாச்சு. நான் நிதானமாத்தான் எண்ணுவேன், மில் கேட்ல தூக்கின கைகளை எண்ணிப் பழகினவன். இல்லம்மா, ஒண்ணும் மினுக்கல. பச்சையும் இல்ல, நீலமும் இல்ல. டிவி திரையில அதே எழுத்துதான். ரிமோட்டைத் தேடுகிறது. முக்கால் மணி நேரமா தேடுது. ரெண்டடி தள்ளி கையில வெச்சுக்கிட்டு நிக்கறேன், அதுக்குத் தெரியலயாம். எங்க ஊர் போலீஸே இதைவிடச் சுறுசுறுப்பு.

சிரிக்கறீங்க. சிரிங்க, பரவால்ல. உங்களுக்கும் நாள் முழுக்க என்னை மாதிரி கிழவனுங்களோட மாரடிக்கிற வேலை. எத்தனை மணி நேரம் ஷிப்டு? பத்தா? யூனியன் இருக்கா? சரி சரி, பதில் சொல்ல வேணாம், பதிவாகுதுன்னு ஆரம்பத்துலயே ஒரு குரல் சொல்லுச்சு.

செட்டாப் பெட்டியைப் பிடுங்கிச் சொருகியாச்சு. ரெண்டு தடவை. அதை என் பொண்டாட்டியே செஞ்சா. ஸ்தானா. பின்னாடி கேக்குதே, அந்தக் குரல்தான். பால்கனில குடைமிளகாய் சுட்டுட்டு இருக்கா, குளிர்காலத்துக்குப் போட்டு வெக்க. அங்கேருந்தே எனக்கு அர்ச்சனை. இதோ, ஸ்தானா, கேட்டுட்டுத்தானே இருக்கேன்! அந்தப் பொண்ணு சொல்றதைத்தானே செய்யறேன்! என்ன சொல்றா கேளுங்க. மூவாயிரம் பேரை ஒண்ணு சேத்தியே, ஒரு பெட்டியையும் ஒரு குச்சியையும் சேக்க வக்கில்லையாங்கிறா. நாப்பத்தாறு வருசமா இப்படித்தாம்மா. கூட்டத்துல எனக்குக் கை தட்டுவாங்க. வீட்ல வந்தா இதுதான் கிடைக்கும்.

பாட்டரியா? புதுசும்மா. நேத்துதான் போட்டேன்.

செல்போன்ல அந்த ஆப்பா? எங்ககிட்ட இருக்கறது பட்டன் போனு. அவளும் அதுதான். மகன்கிட்ட கேக்கலாம், அவன்தான் ஆகஸ்ட் மாசம் லீவுக்கு வந்தப்ப இந்தப் பெட்டியை மாட்டிட்டுப் போனான். ஆஸ்திரியாவுல லாரி ஓட்டறான். இப்ப எந்தச் சுரங்கப் பாதைல இருக்கானோ, எடுக்க மாட்டேங்கறான்.

அவசரம்தாம்மா. அஞ்சு மணிக்குப் படம். இப்ப நாலு இருவது ஆச்சா? ஆண்டெனால வராது, இந்தப் பெட்டி வழியாத்தான் வருமாம். சினிமா இல்ல. எங்க படம். எங்க வேலைநிறுத்தம். தொண்ணூத்தெட்டுல மொராவா ஆத்தங்கரை கம்பளி மில்லு இருபத்தோரு நாள் நின்னுச்சு, நீங்க பொறந்திருக்கக்கூட மாட்டீங்க. தலைநகரம் பெல்கிரேடுலேருந்து ஒரு பொண்ணு கேமராவோட வந்து இதே சோபால என்னை உக்கார வெச்சு மூணு மணி நேரம் பேச வெச்சா. என் துண்டறிக்கையெல்லாம் எடுத்துக் காட்டினேன். எல்லாம் நானே கையால எழுதினது. நான் எட்டாங்கிளாஸ்தான். மத்தபடி படிச்சதெல்லாம் மத்தவங்க அடிச்சுக் குடுத்த துண்டறிக்கைல. ஆனா ஒரு எழுத்துப் பிழை காட்டச் சொல்லுங்க பாப்போம்.

அந்த மில்லு இப்பவா? கார் கழுவற இடம். நூல் நூக்கற கூடம் இருந்த இடத்துல பிரஷ் சுத்துது.

மூடியைத் திறக்கணுமா? பின்பக்க மூடியா. பாட்டரிக்குக் கீழ சின்னதா ஒரு பட்டன் இருக்குமா. அதை அமுக்கினாத்தான் ரெண்டும் ஒண்ணை ஒண்ணு புதுசாப் பாத்துக்குமா.

அதுலதாம்மா ஒரு சிக்கல். நைலான் சுத்தியிருக்கு. சாப்பாட்டு மேல மூடுவாங்களே அந்த மெல்லிசு பிளாஸ்டிக் தாளு. அழுக்குப் படக்கூடாதுன்னு ஸ்தானா எல்லா ரிமோட்டையும் சுத்தி வெச்சிடுவா. உங்க வீட்லயும் அப்படித்தானா? பாத்தீங்களா! உங்க அம்மா டேப் போட்டு ஒட்டுவாங்களா? இவ ரப்பர் பேண்டு. மேல ஒண்ணு, கீழ ஒண்ணு. நைலானை மூணு மடிப்பு மடிச்சு, ரப்பரை ரெண்டு சுத்து சுத்தி, ராணுவத்துல மூட்டை கட்டற மாதிரி. அதை நான் பிரிச்சா மறுபடி அது மாதிரி கட்ட எனக்கு வராது. அவ சண்டைக்கு வருவா. வேற வழி இருக்கா பாருங்க. இன்னொரு தடவை வேணா வீட்டுப் பட்டனை அமுக்கறேன். இப்ப இருவது எண்றேன்.

எண்ணிட்டேன். ஒண்ணுமில்ல. நைலான் தடுக்குதோ என்னவோ. தடுக்காதா? இத்தனை நாள் வேலை செஞ்சுதே, அதுவும் சரிதான்.

பக்கத்து வீடா? யோசனை நல்லாத்தான் இருக்கு. ஆனா இந்தக் கட்டடத்துல மொத்தமே ரெண்டு பெட்டிதாம்மா. ஒண்ணு நாலாவது மாடி, நாங்க. இன்னொண்ணு ரெண்டாவது மாடி, மிலுங்கா. அவ வீட்டுக்கு இந்த வீட்லேருந்து யாரும் போறதில்ல. இருபத்தேழு வருசமா. ஸ்தானா படியிலகூட அவளைப் பாத்தா முகத்தைத் திருப்பிப்பா.

ஏன்னா, அவ புருசன் ராதிசாவ். என் தோழன். எங்க கமிட்டில நாப்பத்தோரு பேரு, செக்சனுக்கு ஒருத்தர். பேரெல்லாம் ரகசியம். முழுப் பட்டியல் தெரிஞ்சது ரெண்டே பேருக்கு. எனக்கும் அவனுக்கும். இருபத்தோராம் நாள் காலைல போறோம், கேட்ல நிர்வாகம் நோட்டீஸ் ஒட்டியிருக்கு. நாப்பது பேர் டிஸ்மிஸ். முதல் பேரு என்னுது. ராதிசாவ் பேரு மட்டும் இல்ல. அதுக்கு மேல சாட்சி எதுக்கு? அன்னிக்கே வேலைநிறுத்தம் உடைஞ்சுது. அன்னிக்கே அவனுக்குக் கருங்காலின்னு பேரு விழுந்துச்சு. சாகற வரைக்கும் விடல. செத்தது பதினோரு வருசம் முன்னாடி. கீழ வாசக் கதவுல ஒட்டின சாவு நோட்டீஸை ரெண்டு தடவை கிழிச்சாங்க. ஒரு தடவை கிழிச்சது யாருன்னு எனக்குத் தெரியும். எங்க குப்பைக் கூடைல கிடந்துச்சு. காப்பிப் பொட்டலம் எடுத்துக்கிட்டு துக்கம் கேக்க அந்த வீட்டுக்கு ஒரு ஆள் போகல. உங்க ஊர்லயும் காப்பிதானே எடுத்துட்டுப் போவீங்க? ஆங். இங்கே நல்லதோ கெட்டதோ, வெறுங்கையோட யாரும் அடுத்த வீட்டுக் கதவைத் தட்ட மாட்டாங்க.

படத்துல அதைச் சொல்றாங்களாம்மா, அதான் விசேசம். காட்டிக்கொடுத்தது யாருன்னு ஆதாரத்தோடன்னு விளம்பரம் வந்துச்சு. ஸ்தானாவுக்கு ஒரு வாரமா அதே பேச்சுதான். காலைல தலைக்குச் சாயம்கூடப் போட்டுக்கிட்டா. அவ பேரைத் திரையில படிக்கற மாதிரி.

ஆமா, வேற ரிமோட் அனுப்பறீங்களா? மூணு வேலை நாளா? நல்லதும்மா. அதையே செய்யுங்க. அதுக்குள்ள படம் போயிடுமா? போகாதா. எப்ப வேணா போட்டுக்கலாமா. நாளைக்கும் இருக்குமா. நாளானைக்கும். அப்படியா. ஓ.

இருங்க. அவ வந்துட்டா.

இதைப் பாரு, புது ரிமோட் அனுப்பறாங்களாம். மூணு நாள். சரி, பிடி, நீயே பாரு. உன் கைக்காவது மசியுதான்னு பாரு.

...

அம்மா, லைன்ல இருக்கீங்களா? வெச்சிடாதீங்க. அவ வாங்கிப் பாத்தா. ஒரு பட்டனைக்கூட அமுக்கல. புரட்டிப் பாத்தா. ரப்பர் பேண்டை விரலால ஒரு தடவை இழுத்து விட்டா. அப்புறம் என் சட்டைப் பையைப் பாத்தா. திருப்பிக் குடுத்துட்டு உள்ள போயிட்டா.

ஸ்தானா என்னைத் திட்டாம ஒரு அறையை விட்டுப் போனதை நான் பாத்ததே இல்ல.

ஏப்ரனைக் கழட்டறா. அடுப்பை அணைச்சுட்டா. மிளகாய் பாதி சுட்டது பாதி சுடாதது. அலமாரி திறக்கற சத்தம்.

எங்க போற? ஸ்தானா. எங்கன்னு கேக்கறேன்ல.

ரெண்டாவது மாடிக்காம்.

கேட்டுச்சா கதவு சாத்தினது? மெதுவாத்தான் சாத்தினா. லிப்டு வேலை செய்யாது, படியில இறங்கறா. முட்டி வலிக்காரி, ஒவ்வொரு படியா வெப்பா.

இல்லம்மா, பிரச்சினை தீரல. பிரச்சினைன்னே ஒண்ணும் இல்ல உங்க ரிமோட்ல. நல்ல ரிமோட்டு. பாட்டரி என் சட்டைப் பைல இருக்கு. காலைல அவ பல் தேய்க்கறப்ப நைலானைப் பிரிச்சு எடுத்துட்டேன். திருப்பிக் கட்டறப்ப ரப்பரை ஒரு சுத்துதான் சுத்தியிருக்கேன். ரெண்டு சுத்து சுத்தணும். இருபத்தோரு நாள் மில்லை நிறுத்தினவன், ரப்பர் பேண்டுல மாட்டிக்கிட்டேன்.

மன்னிச்சுக்குங்க. உங்க நேரத்தை வீணாக்கிட்டேன். உங்களைக் கூப்பிட்டதும் நானில்ல, அவதான் நம்பரைப் போட்டு என் கைல குடுத்தா.

கோவிச்சுக்கலையா? நல்ல பொண்ணு நீங்க.

அந்தப் படம் எடுத்த பொண்ணும் நல்ல பொண்ணுதான். போன வாரம் போன் பண்ணினா. மில்லோட பழைய காகிதமெல்லாம் நகராட்சிக் கிடங்குல கிடந்துச்சாம். அதுல ஒரு பட்டியல் கிடைச்சுதாம், கையால எழுதினது. உங்க துண்டறிக்கை எழுத்து மாதிரியே இருக்கு, நீங்க ஏதாவது சொல்ல விரும்பறீங்களான்னு கேட்டா. யோசிச்சுச் சொல்றேன்னு சொன்னேன். ஒரு வாரம் யோசிச்சதுல தோணினது இந்தப் பாட்டரிதான்.

அடிக்கலம்மா என்னை. அடிச்சிருந்தா சொல்லிக்கலாம். இருபதாம் நாள் சாயங்காலம் மில் டைரக்டர் ரூமுக்குக் கூப்பிட்டாங்க. உக்காருங்க திஹோமிர்னு சொன்னாங்க. காப்பி குடுத்தாங்க. நான் மூணு நாள் தூங்கல. நாற்காலி மெத்துன்னு இருந்துச்சு. ஒரு தாளும் பேனாவும் வெச்சுட்டு வெளில போயிட்டாங்க. ரெண்டு மணி நேரம் யாருமே வரல. அவ்வளவுதான் நடந்துச்சு. முதல் பேரா என் பேரைத்தான் எழுதினேன், அதை மட்டும் படத்துல சரியா காட்டணும். ராதிசாவ் பேரை நான் எழுதல. அவனுக்கு மூணு குழந்தைங்க. அவனை ஒருத்தனையாவது காப்பாத்தறோம்னு நினைச்சேன்.

பதிவாகுதுல்ல? ஆகட்டும்.

நாலு ஐம்பத்திரண்டா? சரி, சொல்லுங்க. பாட்டரி போடறேன். இருங்க. போட்டுட்டேன். நைலான் கிழிஞ்சிடுச்சு. பட்டன் தெரியுது, அமுக்கறேன். ஒண்ணு, ரெண்டு, மூணு... மினுக்குது. நீலம். ஒரே தடவைல பிடிச்சுக்கிச்சும்மா. படம் வந்துடுச்சு, எட்டு நிமிசத்துல ஆரம்பம்னு போட்டிருக்கு. என் மூஞ்சியைத்தான் போட்டிருக்காங்க. நல்ல வெளிச்சத்துல எடுத்திருக்கா.

வேணாம்மா, அணைச்சுடறேன். கீழ போகணும். அவ அங்கே தனியா உக்காந்து பாக்கக் கூடாது. மிலுங்காவும்தான்.

இல்ல, நிக்கறேன் பாருங்க இன்னும். சமையக்கட்டு அலமாரி திறந்தே கிடக்கு. ஸ்தானா காப்பிப் பொட்டலத்தை எடுத்துட்டுப் போயிருக்கா. சண்டை போடப் போறவ காப்பி எடுத்துட்டுப் போவாளா? துக்கம் கேக்கப் போயிருக்காம்மா, பதினோரு வருசம் கழிச்சு. வீட்ல இருந்தது அந்த ஒரு பொட்டலம்தான்.

நான் என்னத்தை எடுத்துட்டுப் போறது?