காத்தானின் கேலிப் பாட்டைத் திரைக்குத் தந்தவருக்கு

திரைக்கு இசையும் இசைக்கு அறமும் சேர்த்த செம்மலே! மழையின் ஓசையையும் மண்வெட்டியின் ஓசையையும் மத்தளத்திற்கு நிகராக மதித்த மாண்பாளரே! எங்கள் ஒலிப்பதிவுக் கூடத்தின் இசையமைப்பாளராகவும் ஒலி வடிவமைப்பாளராகவும் விளங்கி, இன்று பணி நிறைவு பெறும் பஞ்சநதம் ஐயா அவர்களே! வணங்குகிறோம்.

சீர்காழிப் பக்கம் நிலபுலன் உள்ள குடும்பத்தில் பிறந்தும், வயலை அண்ணன்மாரிடம் விட்டுவிட்டு ஆர்மோனியத்தோடு சென்னைக்கு ரயிலேறினீர்கள். தங்கள் இசையில் வந்த படங்களை நாடறியும். நாடறியாத ஒன்றை இந்த அவையில் சொல்லியாக வேண்டும்.

கழக ஆட்சியின் தொடக்க ஆண்டுகள் அவை. நில உச்சவரம்பு சட்டமன்றத்தில் பேசப்பட, நெற்கூலிக்காக வயல்களில் செங்கொடி ஏறிய காலம். அந்தப் பூசலைப் படமாக்கிய தயாரிப்பாளர், கதையில் இறக்கும் தொழிலாளிக்கு உண்மையான ஒப்பாரி வேண்டுமென்றார். ஒலிப்பதிவுக் கருவியோடு வலங்கைமான் அருகே ஒரு சிற்றூருக்குச் சென்றீர்கள். கூலிப் போராட்டத்தில் அடிபட்டு இறந்த காத்தானின் மனைவி வேம்பு, தங்களை ஏறிட்டுப் பார்த்தார்.

"எம் புருசன் செத்ததுக்கு அழுதேன். சினிமாவுக்கும் அழணுங்களா?"

கருவியை அணைத்தீர்கள். "வேணாம்மா. நான் இதுக்கு வந்திருக்கவே கூடாது" என்று எழுந்தீர்கள். அவரே தங்களை நிறுத்தினார்.

"நாத்துப் பறிக்கையில அவரு எங்களைக் கேலி பண்ணி ஒரு பாட்டுக் கட்டுவாரு. அதுன்னா பாடுறேன், எடுத்துக்குங்க."

"சாவுக்குச் சிரிப்புப் பாட்டா?" என்று, தாங்கள் பதிந்து வந்ததைக் கேட்ட தயாரிப்பாளர் கொதித்தார். "வேற ஆளை வச்சு அழ வைக்கிறேன்."

"அப்ப என் பேரை எடுத்துடுங்க" என்றீர்கள்.

இயக்குநர் தங்கள் பக்கம் நின்றதால் பாட்டு பிழைத்தது. ஆனால் தயாரிப்பாளரைப் பகைத்ததால் தங்களுக்கு வாய்ப்புகள் வரவில்லை. ஓராண்டுக்கு மேல், நாடக மேடைகளுக்கு இடியோசையும் குதிரைக் குளம்போசையும் எழுப்பித்தான் குடும்பம் நடத்தினீர்கள். அதை ஒருநாளும் எங்களிடம் குறையாகச் சொன்னதில்லை.

தஞ்சைக் கொட்டகைக்கு அந்தப் படம் வந்தபோது வேம்புவை அழைத்து வந்து அருகில் அமர்த்தினீர்கள். வரப்பில் பிணம் கிடக்க, காத்தானின் கேலிப் பாட்டு ஒலிக்க, கொட்டகையே விம்மியது. வெளியே வந்து அவர் சொன்னதைத் தாங்கள் சொல்லித்தான் அறிந்தோம்.

"எல்லாரும் அழுதாங்க. எனக்கு அழுவையே வரலைங்க. ரொம்ப நாளைக்கப்புறம் அவரு எதுக்க நின்னு பேசுன மாதிரி இருந்துச்சு."

அன்று முதல், ஒருவருடைய குரலை அவர் மனமறிந்து தராமல் இந்தக் கூடத்தில் பதிந்ததில்லை. எழுதி ஒட்டாமலே அது எங்களுக்குச் சட்டமாயிற்று.

ஐயா, இசைக்கோப்பு முடிந்து எல்லோரும் கைதட்டும் வேளையில், "வேணாம்ப்பா, இது பொய்யா இருக்கு" என்று தாங்கள் மெல்லச் சொல்வீர்கள். முகம் சுளித்துக்கொண்டே மறுபடி தொடங்குவோம். நாளை காலை கதவைத் திறக்கையில் அதைச் சொல்ல ஆளிருக்காதே என்று எங்களுக்கு அச்சமாயிருக்கிறது.

துணைவியார் ஆனந்தவல்லி அம்மையாருடன் நோயற்று, நிறைவுற்று, நெடுங்காலம் வாழ்க! எங்கள் வேலை பொய்யென்று பட்டால், எங்கிருந்தாலும் வந்து எங்களைத் திட்டுக!

தங்கள் செவிக்கு அஞ்சியே தொழில் கற்ற,
ஒலிப்பதிவுக் கூடப் பணியாளர்கள்