உட்காருங்கண்ணே

பிணமாக நடிப்பதில் ஒரே ஒரு சிரமம்தான், மூக்கு அரிக்கும். ஆறு வருடம் தொலைக்காட்சித் தொடர்களில் பிணமாகப் படுத்திருந்தவன் சொல்கிறேன், நம்பலாம். அம்மா மட்டும் ஒன்று விடாமல் பார்த்தாள். "இந்த வாரம் நல்லா செத்திருந்தடா" என்று பாராட்டுவாள்.

அப்படிப்பட்டவனுக்குத்தான் நாயகன் வேடம் வந்தது. சின்னப் படம். வேலை நேரத்தில் உட்கார்ந்ததற்காக வேலையை இழக்கும் ஒரு காவலாளியின் கதை. இயக்குநர் அம்மையார் கொள்கைக்காரர். நடிப்பு என்ற வார்த்தையைக் கேட்டாலே அவருக்குப் பற்றிக்கொண்டு வரும். வேலை போகும் காட்சியை ஒத்திகையில் தேம்பித் தேம்பி அழுது காட்டினேன்.

"நடிக்கிறீங்க," என்றார். "வேலை போன ஆளோட முகம் இது இல்ல. பத்து நாள்ல அந்த முகம் வேணும். இல்லன்னா வேற ஆளைப் பார்த்துக்கறேன்."

நியாயமான பேச்சு. என்னை யாரும் வேலையை விட்டு நீக்கியதில்லை. பிணத்தை எப்படி நீக்குவது?

எங்கள் தெருமுனை அடுக்குமாடிக் குடியிருப்பில் ஒரு காவலாளி அண்ணன் இருந்தார். பதினோரு வருடமாக அதே வாசல். பகல் முழுக்க நிற்க வேண்டும். உட்கார்ந்தால் வீட்டுக்குப் போகலாம் என்பது நிர்வாகியின் சட்டம். படத்தைப் பற்றிச் சொன்னதும் அண்ணனுக்கு வாயெல்லாம் பல். "நம்ம கதையையா தம்பி எடுக்கறாங்க?" என்று மூன்று முறை கேட்டார். மதியம் அண்ணி கட்டிக்கொடுத்த சாப்பாட்டில் பாதி எனக்கு வந்தது.

ஒன்பது நாள் பக்கத்திலேயே நின்று கவனித்தேன். வலிக்கும் காலை மாற்றி ஊன்றுவது, காருக்குச் சலாம் வைப்பது, எல்லாம் வந்துவிட்டது. அந்த முகம் மட்டும் வரவில்லை. அது அவரிடமும் இல்லை. அவருக்குத்தான் வேலை இருந்ததே.

பத்தாம் நாள் வீட்டிலிருந்து ஒரு பிளாஸ்டிக் நாற்காலி கொண்டுபோனேன்.

"வேண்டாம் தம்பி, பார்த்தா வம்பு."

"அஞ்சே நிமிஷம். கேட்டை நான் பார்த்துக்கறேன். உட்காருங்கண்ணே."

உட்கார்ந்தார். கண்ணை மூடிக்கொண்டு "அப்பாடா" என்றார். அதையும் குறித்துக்கொண்டேன். பிறகு சுவருக்கு அந்தப் பக்கம் போய், குடியிருப்பவர் ஒருவரைப் போலக் குரலை மாற்றி நிர்வாகிக்குப் போன் போட்டேன். இதுவரை யாரும் என்னைக் கேட்கவில்லை; நானாகத்தான் சொல்கிறேன்.

நிர்வாகி வந்து நாலு நிமிடத்தில் எல்லாம் முடிந்தது. அண்ணன் அழவில்லை, கெஞ்சவில்லை. தொப்பியைக் கழற்றி, கைக்குட்டையால் துடைத்து, என் நாற்காலிமேல் வைத்தார். பாக்கெட்டிலிருந்து ஒரு சாவியை எடுத்து நிர்வாகியிடம் நீட்டி, "ஏழாம் நம்பர் வீட்டம்மா வந்தா குடுத்துடுங்க சார்" என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. நான் ஒன்றும் கல்நெஞ்சக்காரன் அல்ல.

மறுநாள் கேமரா முன்னால் தொப்பியைத் துடைத்தேன், சாவியை நீட்டினேன். அம்மையார் 'கட்' சொல்ல மறந்து அழுதார். படம் நாடு நாடாகப் போனது. விருது மேடையில், "உழைக்கிறவன் உட்காருவது குற்றமா?" என்று கேட்டேன். அரங்கமே எழுந்து நின்றது.

அண்ணனும் படம் பார்த்தார். என் கையைப் பிடித்துக்கொண்டு, "அன்னிக்கு என் பக்கத்துல நின்ன ஒரே ஆள் நீங்கதான் தம்பி" என்றார். உண்மைதான், நான் மட்டும்தான் நின்றேன். அவருக்கு வேலை இன்னும் கிடைக்கவில்லை.

நான் நன்றி மறக்கிறவன் அல்ல. இப்போது தினமும் அவர் வீட்டுக்குப் போகிறேன். அண்ணிக்கு இதயத்தில் கோளாறு. வேளாவேளைக்கு மாத்திரை எடுத்துக் கொடுக்கும் பொறுப்பை நானே ஏற்றுக்கொண்டிருக்கிறேன். அண்ணிக்கு என்மேல் அவ்வளவு நம்பிக்கை, உறையைக்கூடப் பார்ப்பதில்லை.

அம்மையாரின் புதுப் படத்திலும் நான்தான் நாயகன். மனைவியைப் பறிகொடுத்தவன் வேடம். நேற்று ஒத்திகையில் உருக்கமாகத்தான் அழுது காட்டினேன். நடிக்கிறேனாம்.