மூக்கைச் சிந்திய துணி

“இல்ல சார், ஸ்ப்ரே கன்னால சாயம் அடிச்சா மட்டும் வேலை முடிஞ்சிராது. பின்னாலயே ஒருத்தன் தொடச்சுக்கிட்டு வரணும். இல்லைன்னா திட்டுத்திட்டா நின்னுரும்.”

சப்-இன்ஸ்பெக்டர் சிவப்பிரகாஷ் பொறுமையாக எழுதிக்கொண்டார். மரத்துக்கு நிறமேற்றும் ஸ்டெயினைத் தின்னர் கலந்து ஸ்ப்ரே கன்னில் ஊற்றி நான் அடிப்பேன், டிக்சன் துடைப்பான். மூன்று வருடமாக இப்படித்தான்.

டிக்சன் கெட்டவன் இல்லை. ஆனால் துடைக்க வைத்திருக்கும் பனியன் வேஸ்ட் துணியில் மூக்கைச் சிந்துவான். அதே துணியால் தேக்கைத் துடைப்பான். பாக்கு எச்சில் உதட்டோரம் நூலாக இறங்கும். ஒருமுறை சொல்லிப் பார்த்தேன்.

“மரம் என்ன கோவிச்சுக்கிடவா போகுது அண்ணாச்சி? என் சளியும் ஒங்க ஸ்டெயினும் ஒரே கலர்தான்” என்று சிரித்தான்.

உண்மையிலேயே ஒரே நிறம். அன்று என்னால் மீன்குழம்பைத் தொட முடியவில்லை.

கீழவைப்பார்ப் பக்கத்து மாதா கோயில் ஒன்றுக்குப் பாவசங்கீர்த்தனத் தொட்டி செய்திருந்தோம். சாமியார் உட்கார்ந்து பாவம் கேட்கிற மரக்கூண்டு. ஓர் ஆள்தான் கொள்ளும். உள்பக்கம் அடித்துவிட்டு டிக்சனைத் துடைக்க அனுப்பினேன். கடல்காற்று தூசியைக் கொண்டுவரும், ஈரத்தில் ஒட்டும். அதனால் கதவைச் சாத்தி வெளியே கொண்டி போட்டேன்.

உள்ளே இருமினான். இருமினால் எச்சில் தெறிக்கும் என்று அவனுக்குத் தெரியாதா? பாவம் சொல்பவர்களுக்காக வைத்த சல்லடை வழியே கன்னை நீட்டி, இன்னொரு சுற்று அடித்தேன்.

“தொறங்க அண்ணாச்சி, மூச்சு முட்டுது.”

“தொடச்சு முடில” என்றேன். தன்மையாகத்தான் சொன்னேன். கன் காலியாகும்வரை அடித்தேன். தட்டுகிற சத்தம் நின்றதும் டீ குடிக்கப் போனேன்.

திரும்பிவந்து திறந்தபோது முகமெல்லாம் தேக்கு நிறம். சட்டையெல்லாம் வாந்தி. கையை நீட்டி என் விரலைப் பிடித்தான். உதறிவிட்டு மறுபடி சாத்தினேன்.

சிவப்பிரகாஷ் எழுதுவதை நிறுத்தினார். “அப்போ உயிர் இருந்துச்சா, இனிகோ?”

“இருந்துச்சு சார். வாந்தியில கெடந்தவனை எப்படி சார் தொடுறது?”

அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். மேசை மேலிருந்த என் கையை மெல்லத் தள்ளி வைத்தேன்.

“அவன் பிடிச்ச வெரலு இன்னும் பிசுபிசுன்னு இருக்கு. இங்கன கொஞ்சம் சோப்பு கெடைக்குமா சார்?”