நேற்று இரண்டு முறை வந்தவள்

உங்கள் காக்கிச் சட்டைக் கையில் இரண்டு கோடு விழுந்திருக்கிறது, மேடம். பழைய மடிப்பின் மேலேயே இஸ்திரிப் பெட்டியை ஓட்டாமல் பக்கத்தில் புதிதாக ஒன்று போட்டுவிட்டார்கள். குறை சொல்லவில்லை. என் அம்மா துணி தேய்ப்பவள். கண் தானாக அங்கே போகிறது.

நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். மறைக்க எனக்கு ஒன்றுமில்லை.

எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். உடம்புக்குள் ஓடும் கடிகாரம்தான் என் ஆய்வு. காலம் ஆறு மாதிரி ஓடுகிறது என்கிறார்கள். ஓடவில்லை. மடித்து வைத்திருக்கிறது. நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது, மடித்த புடவையின் மேல் அம்மா பெட்டியை மறந்து வைத்துவிட்டாள். ஒரே ஒரு சூடுதான். பிரித்துப் பார்த்தால் புடவை நெடுக ஓட்டை. அவள் வாங்கிய ஏச்சு எனக்கு மறந்துவிட்டது, ஓட்டைகள் மறக்கவில்லை. நேற்றும் இன்றும் அப்படித்தான் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடக்கின்றன. மூச்சு மெலிந்தால் உயிர் கீழ் மடிப்புக்கு இறங்கிவிடும். அதாவது நேற்றைக்கு.

பேராசிரியரிடம் சொன்னேன். எல்லோர் முன்னாலும் சிரித்தார்.

"வீட்டுத் தொழில் உன்னை விடமாட்டேங்குதேம்மா. இஸ்திரிப் பெட்டித் தியரின்னு பேர் வெச்சுடலாமா?"

அன்றிலிருந்து என் பெயர் இஸ்திரி. டீ வாங்கப் போனால்கூட, "இஸ்திரி, இன்னைக்கு ரொம்பச் சூடா?" என்பார்கள். நானும் சிரித்தேன். சிரிக்காவிட்டால் திமிர் என்பார்கள்.

ஆகவே நிரூபித்தேன். ஆய்வுக்கூடத்தில் ஆள் உட்காரும் அளவுக்கு ஓர் இரும்பு அறை உண்டு. உள்ளே காற்றைக் குறைத்துக்கொண்டே போகலாம். மலை உச்சியில் உடம்பு என்ன பாடுபடும் என்று பார்க்க வாங்கியது. பானை என்போம். சோதனைக்கு யார் என்றைக்கு எலி எடுப்பார்கள் என்று முன்கூட்டியே பலகையில் எழுதி வைப்பது எங்கள் வழக்கம். என் நாளில் ஓர் எலியைப் பானையில் வைப்பேன். காற்று போனதும் அசையாது. அங்கே கிடப்பது எலி இல்லை, எலி கழற்றிப்போட்ட சட்டை. எலி முந்தின நாளுக்குப் போயிருக்கும். ஏனென்றால் முந்தின மாலை கூண்டில் ஒன்று கூடுதலாக இருக்கும். ஒருமுறைகூடத் தவறியதில்லை.

"எலி வந்து சாட்சி சொல்லுமாம்மா?" என்றார் பேராசிரியர்.

அது நியாயமான கேள்வி.

என் தங்கை, சின்னவள், மதியம் சாப்பாடு கொண்டுவருவாள். வியாழக்கிழமையும் வந்தாள், போனாள். சாயங்காலம் மறுபடி வாசலில் நின்றாள். முகம் வெளுத்து, மூச்சு வாங்கிக்கொண்டிருந்தது.

"என்னடி மறுபடியும்?"

"டப்பா மூடிய விட்டுட்டுப் போயிட்டேன்க்கா."

"ஒரு மூடிக்கா ரெண்டு பஸ் மாறி வந்தே?"

"கேள்வி கேக்காம எடுத்துக் குடு. பெரிய விஞ்ஞானி. கடைசி பஸ்ஸ விட்டா நீதான் தூக்கிட்டுப் போகணும்."

மூடியைக் கொடுக்கும்போது விரல் பட்டது. சில்லென்று இருந்தது. அப்போதே எனக்குப் புரிந்துவிட்டது. ஒரே நாளில் இரண்டு முறை. இரண்டாவதாக வந்தவள் வெள்ளிக்கிழமையிலிருந்து வந்தவள்.

அதற்கப்புறம் எனக்கு வேறு என்ன வழி இருந்தது, நீங்களே சொல்லுங்கள். வந்து சேர்ந்துவிட்டவளை அனுப்பாமல் இருக்க முடியுமா? அனுப்பாவிட்டால் அவள் எங்கிருந்து வந்தவள் ஆவாள்? நான் அவளைக் காப்பாற்றத்தான் அனுப்பினேன்.

வெள்ளிக்கிழமை பானைக்குள் உட்காரச் சொன்னேன். செருப்பை வெளியே ஜோடியாகக் கழற்றி வைத்தாள்.

"காது அடைக்குமாக்கா?"

"கொஞ்சம் அடைக்கும்."

"ஒரு போட்டோ எடு. உங்க சார் மூஞ்சில காட்டு."

எடுத்தேன். அது உங்களிடம்தான் இருக்கிறது. பிறகு கதவை இறுக்கினேன். கொஞ்ச நேரம் உள்ளே தட்டும் சத்தம் கேட்டது. எலிகளும் சுரண்டும். பிறகு நின்றது. அவள் கொண்டுவந்த சாப்பாட்டைச் சாப்பிட்டேன். ஆறிப்போயிருந்தது.

எலிகளைப் பார்த்துக்கொள்பவர் சொன்னதை இப்போது வாசித்துக் காட்டினீர்கள். "நாளைக்கு இந்தப் பொண்ணு எலி எடுக்கும்னு பலகையில போட்டிருக்கும். எண்ணிக்கை குறைஞ்சா என்னைத்தான் கடிப்பாங்க. அதான் முதல் நாளே ஒண்ணு சேத்து விட்டுடுவேன்." சரி. அவர் பயந்தவர், வேலைக்காக எதையும் சொல்வார். உண்மையாகவே இருந்தாலும் அது எலிகளைப் பற்றியது. சின்னவள் எலி இல்லையே.

வெளியே பெஞ்சில் அம்மா சொல்லிக்கொண்டிருப்பது இங்குவரை கேட்கிறது. "மூடி எங்கடின்னு நான்தான் திட்டினேன். நான்தான் அவளத் திருப்பி ஓட விட்டேன்." அதையே சொல்கிறாள், நிறுத்தாமல்.

அதை எழுதிக்கொள்ளாதீர்கள், மேடம். அம்மா பள்ளிக்கூடம் போனதில்லை. அவளுக்குத் துணி தேய்க்க மட்டும்தான் தெரியும்.