சம்மந்தி சாக்ரடீஸ் வச்ச பேரு

— பிள்ளைக்குச் சாக்ரடீஸ்னு வச்சிருவானுக, நீயும் தலையாட்டிட்டு நிப்ப! விஷம் குடிச்சுச் செத்தவன் பேருலே அது! நம்ம தேவாரம் ஊரு மேடையில மைக் பிடிச்சவனெல்லாம் சொல்லியிருக்கான்.

— அய்யா, அவரு அந்தக் காலத்து சாக்ரடீசு. இவுக என் மாமனாரு. ஏதென்ஸ்ல கறிக்கடை வச்சிருக்காக.

— கப்பல் வேலைக்குப் போனவன் கிரேக்கக்காரியக் கட்டுன. பொறுத்தேன். பிள்ளையும் அங்கனயே பொறந்துச்சு. பொறுத்தேன். உன் மச்சினன் பேரு என்னமோ சொன்னியே?

— அரிஸ்டாட்டில். பஸ் ஓட்டுறாக.

— எப்பவோ செத்தவன் பேரையெல்லாம் தோண்டி எடுத்து வச்சிருக்கானுக!

— ஆதித்தா, ஆத்தா பேசுறேன்ப்பா. போனு ஸ்பீக்கர்லதான் கெடக்கு. இவுக காலையிலருந்து பச்சத்தண்ணி குடிக்கல. பேரன் பேரச் சொல்லித் தொலை.

— நீ சும்மா இரு ராமுத்தாயி. ஏலே ஆதித்தா, என் பேரு இல்லேன்னா, நான் செத்தாக் கொள்ளி வைக்க வராத.

— உங்க பேருதான்யா.

— என்னது?

— நான்தான் வேணாம்னேன். பள்ளிக்கூடத்துல கேலி பண்ணுவானுக, அலெக்சாண்டர்னு வைப்போம்னேன். மாமனாரு கறி வெட்டுற கத்தியோட வந்துட்டாக. தலைப்பிள்ளைக்கு அப்பனைப் பெத்தவன் பேருதான், ரெண்டாயிரத்து ஐந்நூறு வருசமா எங்க சனம் இப்படித்தான்னுட்டாக.

— அது நம்ம வழக்கம்லே! மிளகு வாங்க வந்தப்பக் களவாண்டுட்டுப் போயிருப்பானுக.

— நேத்து கோயில்ல வச்சாச்சுய்யா. சாமியாரு மூணு தடவ தண்ணியில முக்கி எடுத்தாரு. அவுக வாய்க்கு வரணும்னு பின்னாடி ஒரு ‘ஸ்’ மட்டும் சேத்திருக்காக. சுருளியாண்டிஸ்.

— அந்த ‘ஸ்’ஸ வெட்டச் சொல்லு! கத்திதான் வச்சிருக்கான்ல... சரி, கெடக்கட்டும். கறிக்கடைக்காரன் மனுசன்தாம்லே.

— அய்யா, உங்க சத்தத்துல பிள்ளை முழிச்சுக்கிட்டான். கத்துறான்.

— தள்ளுங்க நீங்க. ஆதித்தா, போனைப் பிள்ளை காதுல வை. வச்சிட்டியா? ஏலே சுருளியாண்டி!

— ஏய்! யாரு பேரைச் சொல்ற? கட்டிக்கிட்டு வந்த நாப்பத்தோரு வருசத்துல ஒருநாள் சொல்லியிருப்பியா?

— ஏலே சுருளியாண்டி! எந்நேரமும் என்னடா கத்து? வாய மூடுறா, வெறும்பயலே!

— ராமுத்தாயி!

— பேரனைத்தான் வையுறேன். நீங்க ஏன் முழிக்கிறீக?