அத்தான் ஒளிந்திருந்த புல்வெளி

கம்ப்யூட்டரில் விளையாட்டு திக்கித் திக்கி ஓடினால் முதலில் பார்க்க வேண்டியது பின்பக்கத்து வயரைத்தான், முதலாளி. நிறையப் பேர் அதைப் பார்க்காமல் புது மெஷின் வேண்டும் என்று நிற்பார்கள். நம் கடை மெஷின்களை நான் பார்த்துக்கொள்ளும் இத்தனை வருஷத்தில் உங்களுக்கு அப்படி ஒரு வெட்டிச் செலவு வைத்ததில்லை. நான் சொல்லப்போவதைக் கேட்கும்போது அதையும் கொஞ்சம் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

எல்லோரும் பாவம் என்று விட்டுவிட்ட மனுஷனை, சொந்த அக்கா புருஷனை, ஏன்டா சுட்டாய் என்று அன்று சிரித்துக்கொண்டே கேட்டீர்கள். அதற்குப் பதில் சொல்ல இன்று நானாகவே வந்திருக்கிறேன்.

புதுக் கிளைக்கு மேலாளர் யார் என்பதை விளையாட்டு வைத்து முடிவு செய்யலாம் என்று நீங்கள் அறிவித்ததும் கடையே குதூகலமாகிவிட்டது. டைல்ஸும் குழாயும் விற்கிற இடத்தில் துப்பாக்கி விளையாட்டு எதற்கு என்று யாரும் கேட்கவில்லை. வாடிக்கையாளருக்குக் குளியலறையை முப்பரிமாணத்தில் காட்ட வாங்கிய நல்ல மெஷின்கள், சும்மாதானே கிடக்கின்றன என்றார்கள். கடைசிவரை உயிரோடு இருப்பவனுக்குப் பதவி. பொறுமை உள்ளவன்தான் கிளையைக் கட்டி மேய்ப்பான் என்றீர்கள். சரியான பேச்சு.

அத்தானுக்குப் பொறுமை மட்டும்தான் உண்டு. சுடத் தெரியாது. புல்லுக்குள் பதுங்கி அசையாமல் உட்காருவார். பயிற்சியில் அவருடைய மெஷின்தான் திணறியது.

“மாப்ள, நாலு அடி நடந்தா படம் நின்னு நின்னு வருதுடா. என்னன்னு பாரேன்” என்றார்.

பார்த்தேன். திரையின் வயரை கிராபிக்ஸ் கார்டில் சொருகாமல் பக்கத்துத் துளையில் சொருகியிருந்தது. சொருகியவன் நான்தான். வேண்டுமென்றே செய்தேனா என்பது இப்போது ஞாபகம் இல்லை. மாற்றிச் சொருகினேன். மெஷின் பறந்தது. அப்போதுதான் அந்த யோசனை வந்தது.

மற்ற எல்லா மெஷின்களிலும் வேகத்துக்காக நிழலைக் குறைத்தேன், புல்லை அடியோடு நீக்கினேன். செட்டிங்ஸில் ஒரே ஒரு பொத்தான். என் மெஷினிலும் அப்படித்தான். அத்தான் மெஷினில் மட்டும் புல்லை உச்சத்தில் வைத்தேன். இடுப்பளவுப் புல். காற்றில் சாய்ந்து நிமிரும். அவர் வாயைப் பிளந்து பார்த்தார்.

“உள்ள உக்காந்தா எனக்கே என்னைத் தெரியலடா” என்றார். அவ்வளவு சந்தோஷம்.

அந்தப் புல் அவர் திரையில் மட்டும்தான் இருந்தது. மற்றவர்கள் கண்ணுக்கு அவர் பொட்டல் காட்டில் குத்தவைத்து உட்கார்ந்திருக்கும் ஓர் ஆள்.

ஏன் செய்தேன் என்றால், அவர் ஜெயித்தால் புதுக் கிளை இருக்கும் ஊருக்குப் போய்விடுவார். அக்காவும் போய்விடுவாள். புது ஊர்த் தண்ணீர் அவளுக்கு ஒத்துக்கொள்ளாது. நான் அவர்கள் வீட்டில்தான் இருக்கிறேன். கல்யாணம் முடிந்த மறுவாரம், ஒரு வாரம் தங்கலாம் என்று போனேன். எனக்குக் கொடுத்த அறையில் தொட்டில் போடுவதாக ஒரு பேச்சு இருந்தது. பிறகு அந்தப் பேச்சே எழவில்லை. அவர்களுக்கு நானே பிள்ளை மாதிரி.

இதற்கு முன்பும் அத்தான் வெளியூர் வேலைக்கு முயன்றிருக்கிறார். நேர்காணலன்று அவருடைய மூக்குக்கண்ணாடி என் பையில் பத்திரமாக இருந்தது. இன்னொரு தடவை கடன் வாங்கி ஒரு சின்ன வீடு பார்த்தார்கள், ஒரே ஓர் அறை. சுவரில் ஓதம் இருக்கிறது, யாரோ தூக்கு மாட்டிக்கொண்ட வீடு என்று நான்தான் அக்காவின் காதில் போட்டேன். எதையும் எனக்காகச் செய்யவில்லை.

போட்டியன்று நடந்தது உங்களுக்குத் தெரியும். ஆனால் நான் கணக்குப் போட்டபடி நடக்கவில்லை. நட்டநடு வெட்டவெளியில் உட்கார்ந்திருக்கிற அத்தானை ஒருவரும் சுடவில்லை. கிடங்குக்காரர் துப்பாக்கியைக் குறி வைத்துவிட்டு, “ஐயோ பாவம், நம்ம ஆளு” என்று இறக்கிவிட்டார். காசாளர் அம்மா அவர் தலைக்கு மேலேயே தாண்டிக் குதித்துப் போனார். அவர்கள் ஒருவரையொருவர் சுட்டுத் தீர்த்துக்கொண்டார்கள். கடைசியில் நானும் அத்தானும்தான் மிச்சம்.

நான் செத்தால் அவர் ஊரைவிட்டுப் போவார். சுட்டால் பதவி எனக்கு வரும். வேண்டாம் என்று சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். அவர் முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். சுட்டேன். எல்லோரும் உச்சுக் கொட்டினார்கள்.

நான் வேண்டாம் என்றதை நீங்கள் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. நெஞ்சில் ஈரமில்லாதவன்தான் மேலாளர் ஆகணும் என்று அன்றைக்கே உத்தரவைக் கொடுத்துவிட்டீர்கள்.

அத்தான் எழுந்து வந்து என்னைக் கட்டிப்பிடித்தார். கண் கலங்கியிருந்தது.

“நல்லா சுட்ட மாப்ள. உன் மெஷின்ல புல்லே இல்லைன்னு எனக்கு முன்னாடியே தெரியும். போன வாரம் நீ சாப்பிடப் போனப்ப உன் சீட்ல உக்காந்து பாத்தேன். நீ விடமாட்டன்னு உங்க அக்காகிட்ட அன்னிக்கே சொல்லிட்டேன்” என்றார்.

தெரிந்தும் முதுகைக் காட்டியிருக்கிறார். எனக்கு ஒரு நல்லது நடக்கட்டும் என்று தன் தலையைக் கொடுத்திருக்கிறார். இப்படி ஒரு பாசத்தை யாராலும் சொல்லி விளக்க முடியாது. வேடிக்கை பார்க்க வந்த அக்கா என் பெட்டியையும் கையோடு கொண்டுவந்திருந்தாள்.

“எதுக்குக்கா பெட்டி?” என்று ஆட்டம் தொடங்கும் முன்பே கேட்டேன்.

“இருக்கட்டும்டா, தேவைப்படும்” என்றாள். துணியெல்லாம் மடித்து, குளிருக்குப் போர்வைகூட வைத்திருந்தாள்.

இதுதான் முழு உண்மை. புல்லை எடுத்தது நான், சுட்டதும் நான். நடந்தது மோசடி, முதலாளி. என் வெற்றி செல்லாது என்று சொல்லிவிடுங்கள். அத்தானுக்கும் கொடுக்காதீர்கள், அவருக்கு வெளியூர் சரிப்படாது. காசாளர் அம்மாவுக்குக் கொடுங்கள். எனக்கு அந்த வீட்டில் என் அறை போதும், அவர்களை நட்டாற்றில் விட்டுவிட்டுப் போக என்னால் முடியாது.

சீக்கிரம் முடிவு சொல்லுங்கள். ராத்திரி பெட்டியோடு கடையிலேயே படுத்துவிட்டு, இந்த நல்ல செய்தியை அவர்களிடம் சொல்லக் காலையிலேயே வீட்டுக்குப் போனேன். வாசல் கதவில் புதுப் பூட்டு, என் சாவி சேரவில்லை. உள்ளே அக்கா பாட்டு முணுமுணுப்பது கேட்டது, தட்டியதும் நின்றுவிட்டது. ஆண் துணை ஒன்று குறைந்தால் வீட்டில் திருடன் நுழைந்துவிடுவான் என்று இப்போதே பயப்படுகிறார்கள், பாவம்.